மாவ்ஷுன் குலத்துக்கு ஒரு நாற்காலி

ஷில்லாங்கில் ஒருவர் மந்திரி ஆவதற்கு முதல் தகுதி, இன்னொருவர் மந்திரி பதவியை விட்டு இறங்குவது. சட்டசபையில் அறுபது பேர் இருந்தாலும், முதலமைச்சரையும் சேர்த்துப் பன்னிரண்டு பேருக்கு மேல் மந்திரி சபையில் உட்காரக் கூடாது என்பது சட்டம். அந்தப் பன்னிரண்டு இடத்தையும் முதலமைச்சர் தன் இஷ்டத்துக்கு நிரப்பிவிட முடியாது. காரோ மலைக்கு ஒரு பங்கு, காசி மலைக்கு ஒரு பங்கு, ஜெயந்தியா மலைக்கு ஒரு பங்கு. அதற்குள்ளேயே கூட்டணிக் கட்சிகளுக்குத் தனிப் பங்கு. அதற்கும் உள்ளே, கட்சி தாவி வந்து ஆட்சியைக் காப்பாற்றியவருக்குக் கொடுத்த வாக்கு. மலைப்பாதையில் ஓடும் டாட்டா சுமோவில் ஆள் ஏற்றுகிற மாதிரிதான். எல்லாரும் எப்படியோ ஒடுங்கி உட்கார்ந்துவிடுவார்கள். ஆனால் ஒருவர் பலமாக இருமினால் பின்கதவு திறந்துகொள்ளும்.

பான்ஷாய் மாவ்ஷுன் அந்தக் கதவுக்கு வெளியிலேயே நின்று பழகியவர். மூன்றாவது முறையாக எம்.எல்.ஏ. முதல் முறை, அவருடைய மாவட்டத்தின் பங்கு ஏற்கெனவே தீர்ந்துவிட்டது என்றார்கள். இரண்டாவது முறை கூட்டணிக்காகப் பொறுத்துக்கொள்ளச் சொல்லி, ஆறுதலுக்கு ஒரு வாரியத் தலைவர் பதவி கொடுத்தார்கள். அதில் கார் உண்டு, பெட்ரோல் கிடையாது. இந்த முறை அவருடைய தொகுதியான தெற்குச் சரிவுக் கிராமங்களே பொறுமை இழந்துவிட்டன. வருடா வருடம் மழைக்குக் கரைந்து போகிற ரோட்டில் அவரை மறித்து நின்ற பெண்கள், "பாஹ், அடுத்த தடவை மந்திரியா வாங்க. இல்லாட்டி வராதீங்க" என்று சொல்லிவிட்டார்கள். 'பாஹ்' என்றால் அண்ணன். மரியாதையாகத்தான் சொன்னார்கள். அதனால்தான் அவருக்குப் பயமாக இருந்தது.

இப்போது மந்திரி சபை மாற்றம் வந்தது. இரண்டு பேர் ராஜினாமா கொடுக்க, இரண்டு நாற்காலிகள் காலியாயின. தெற்குச் சரிவுக்கு இனிமேலும் கை விரிக்க முடியாதென்று முதலமைச்சர் கிர்ஷான் மாவ்ஷுன், பான்ஷாயின் பெயரை எழுதினார். இன்னொரு நாற்காலிக்கு மேபான் கார்தாங் என்ற இளைஞரின் பெயர். மேபான் முதல்முறை எம்.எல்.ஏ. படித்தவர், அடக்கமானவர், முதலமைச்சரின் சொந்த மகன்.

அப்பா மாவ்ஷுன், மகன் கார்தாங். இதில் மர்மம் ஒன்றும் இல்லை. இந்த மலையில் பிள்ளைக்கு அம்மாவின் குலப்பெயர்தான் வரும். கல்யாணமானதும் ஆண்தான் மனைவி வீட்டுக்குப் போவான். குலத்தின் வீடும் சொத்தும் கடைசி மகள் கையில். ஒரே குலப்பெயர் உள்ள எல்லாரும் உடன்பிறந்தவர்கள். ஒருவரை ஒருவர் பார்த்ததே இல்லை, இருவருக்கும் நடுவே ஏழு மலை இருக்கிறது என்றாலும் அண்ணன் தம்பிதான், அக்கா தங்கைதான். தப்பித் தவறி அவர்களுக்குள் ஒரு காதல் முளைத்தால் ஊரே நடுங்கிவிடும்.

டெல்லியிலிருந்து வந்த ஹரீஷ்வர் துபேக்கு இதெல்லாம் தெரியாது. கூட்டணியின் பெரிய கட்சி அனுப்பிய பார்வையாளர் அவர். ஆட்சிக்கு ஆதரவு தரும்போதே அந்தக் கட்சி ஒரு நிபந்தனை போட்டிருந்தது. ஒரே குடும்பத்தில் இரண்டு பேர் மந்திரியாக இருக்கக் கூடாது. துபேஜி விருந்தினர் மாளிகையில் கண்ணாடியை மாட்டிக்கொண்டு பட்டியலைப் பார்த்தார். முதலமைச்சர் மாவ்ஷுன், கீழே இன்னொரு மாவ்ஷுன். பேனாவை எடுத்து இரண்டாவது மாவ்ஷுன் மேல் ஒரு கோடு இழுத்தார். மேபான் கார்தாங் பெயருக்குப் பக்கத்தில் 'நல்ல தேர்வு' என்று எழுதினார்.

மாளிகைச் சமையலறையில் வேலை பார்க்கிற தூரத்து உறவுக்காரி மூலம் செய்தி பான்ஷாயின் மனைவி அய்தாவுக்கு வந்தது.

"உங்க பேரு போச்சு" என்றாள்.

"ஏன்?"

"நீங்க முதலமைச்சருக்குச் சொந்தமாம்."

"நானா? அவருக்கும் எனக்கும் ஆகவே ஆகாதே!"

"ஆகாதவங்கதானே சொந்தக்காரங்க." அய்தா கெட்டிலை அடுப்பில் வைத்தாள். "அந்த டெல்லிக்காரர், முதலமைச்சர் பெத்த புள்ளையை விட்டுட்டு உங்க பேரை அடிச்சிருக்கார் பாருங்க. போய் அவர்கிட்ட, கிர்ஷான் எனக்குச் சொந்தமில்லேன்னு ஒரு வார்த்தை சொல்லிட்டு வாங்களேன்."

பான்ஷாய் குனிந்து அடுப்பை ஊதினார்.

"சொல்ல மாட்டீங்க" என்றாள் அய்தா. "எனக்குத் தெரியும். சொன்னா உங்க அக்கா தங்கச்சிங்க உங்களைக் குலத்துக் கல்லறையில கூடச் சேர்க்க மாட்டாங்க."

அதுதான் சிக்கல். குலத்தை இல்லை என்று சொன்னவனுக்கு இந்த மலையில் நிற்க இடம் கிடையாது. சொன்னால் மந்திரி ஆகலாம், மனிதனாக இருக்க முடியாது. சொல்லாவிட்டால் மனிதனாக இருக்கலாம், தெற்குச் சரிவுப் பக்கம் தலைகாட்ட முடியாது.

கிர்ஷான் இந்த முடிச்சை யோசித்துத்தான் போட்டிருந்தார். பான்ஷாயின் பெயரை அவராக விட்டிருந்தால் தெற்குச் சரிவு கொதித்திருக்கும். எழுதிவிட்டு டெல்லி கையால் அடிக்க வைத்தால் பழி டெல்லிக்கு. காலியாகும் இடத்துக்கு, சொன்னதற்கெல்லாம் தலையாட்டும் ஒரு மூன்றாவது ஆளைப் பையில் வைத்திருந்தார். அந்தக் கோடு அழிந்துவிடாமல் இருக்கத்தான் துபேஜிக்கு ஒரு மதிய விருந்து ஏற்பாடு செய்து, பான்ஷாயையும் அழைத்தார்.

விருந்து முதலமைச்சர் பங்களாவில் அல்ல, அவருடைய கடைசித் தங்கை தாஃபியின் வீட்டில். மாவ்ஷுன் குலத்தின் பெரிய வீடு அது. தாஃபி ஈவ்துஹ் சந்தையில் பாக்கு மொத்த வியாபாரம் செய்கிறவள். அன்று பன்றி ரத்தத்தில் சமைத்த ஜாதோ சோறு, கறுப்பு எள் போட்ட பன்றிக் கறி, கருவாட்டுத் துவையல் என்று அடுக்கியிருந்தாள். துபேஜி சைவம் என்று கடைசி நேரத்தில்தான் தெரிந்தது.

"பாவம், உடம்பு சரியில்லையா?" என்று அண்ணனைக் கேட்டாள்.

"இல்ல, அவரு எப்பவுமே அப்படித்தான்."

"எப்பவுமேவா!" தாஃபிக்கு மனசு கேட்கவில்லை. புதுப் பானையில் உருளைக்கிழங்கை வேகவைத்து, மஞ்சளும் உப்பும் தூவி, நோயாளிக்கு வைப்பது போல மெதுவாகத் துபேஜியின் முன்னால் வைத்தாள்.

பான்ஷாய் வாசலில் குடையை மடக்குவதற்குள் கிர்ஷான் ஓடிவந்து கட்டிப் பிடித்துக்கொண்டார். "வா வா! என் தம்பி!" என்று இந்தியில் உரக்கச் சொன்னார். தோளில் கை போட்டபடியே உள்ளே கூட்டிவந்தார். "துபேஜி, இவன்தான் என் தம்பி பான்ஷாய்."

துபேஜி உருளைக்கிழங்கிலிருந்து நிமிர்ந்து தலையை ஆட்டினார். கோடு சரியான இடத்தில்தான் விழுந்திருக்கிறது என்று அவர் முகம் சொன்னது.

கிர்ஷான் சொன்னதில் ஒரு சொல்லும் பொய் இல்லை. பான்ஷாய்க்கு வயிறு எரிந்ததே அதனால்தான். மறுத்துப் பேச வாயைத் திறந்தால், சமையலறை வாசலில் கரண்டியோடு தாஃபி நிற்கிறாள். உட்கார்ந்து சோற்றைப் பிசைந்தார். 'என் தம்பி, என் தம்பி' என்று கிர்ஷான் இரண்டு வாய்க்கு ஒருமுறை பரிமாறிக்கொண்டிருந்தார்.

காசி மலைக் குழந்தைக்கு நடை பழக்கும்போதே ஒரு பாடமும் பழக்குவார்கள். தாயின் குலத்தைத் தெரிந்துகொள், தந்தையின் குலத்தைத் தெரிந்துகொள். முதல் பாதியைத்தான் எல்லாரும் அடிக்கடி சொல்வார்கள். மேபான் பணிவாகக் குனிந்து இன்னொரு கரண்டி சோறு வைக்க வந்தபோது, பான்ஷாயின் மனதில் இரண்டாவது பாதி சட்டென்று வந்து நின்றது. அண்ணன் தம்பி என்றால், அண்ணன் பெற்ற பிள்ளை தம்பிக்கும் பிள்ளைதானே?

எழுந்தார். சோற்றுக் கரண்டியோடு சேர்த்து மேபானைக் கட்டிக்கொண்டார்.

"வாடா என் மகனே!" என்றார், காசி மொழியில். "எத்தனை நாளாச்சு உன்னை இப்படிப் பக்கத்துல வச்சுப் பாத்து! சித்தப்பா பக்கத்துல உக்காரு."

நன்றாக வளர்க்கப்பட்ட பிள்ளை. "சரி சித்தப்பா" என்று உட்கார்ந்துவிட்டது.

கிர்ஷானின் கையில் இருந்த கறித்துண்டு பாதி வழியில் நின்றது.

"என்ன சொல்கிறார்?" என்று துபேஜி ஆர்வமாகக் கேட்டார்.

"சாப்பாடு பிரமாதம்னு சொல்றார்" என்றார் கிர்ஷான்.

"அதற்கு ஏன் பையனைக் கட்டிக்கொள்கிறார்?"

"இங்க அப்படித்தான். பரிமாறினவங்களைப் பாராட்டுறது."

பான்ஷாய் சிரித்த முகம் மாறாமல் காசியிலேயே பேசினார். "அண்ணே, எனக்கு இந்தி ஓட்டைதான். ஆனா 'அண்ணன் மகன்'னு சொல்ற அளவுக்கு வரும். சொல்லட்டுமா?"

"டேய், என்ன விளையாட்டு இது?"

"விளையாட்டு இல்லண்ணே, உறவு. நீங்க வாசல்ல ஆரம்பிச்சு வச்சீங்க. நான் பந்தியில முடிச்சு வைக்கிறேன்."

"என் புள்ளை பேரைக் கெடுப்பியா?"

"கெடுப்பேனா? நான் அவனுக்குச் சித்தப்பா. ஒரே குடும்பம்னு தெரிஞ்சா அந்தாளு ரெண்டு பேரையும் சேர்த்து அடிப்பாரு. அப்பா மகனும் ஒண்ணு, அண்ணன் தம்பியும் ஒண்ணு. வீட்ல எல்லாருமா சேர்ந்து உருளைக்கிழங்கு சாப்பிடலாம்."

கிர்ஷான் மூன்று ஆட்சிகளைக் கவிழ்த்து இரண்டைக் காப்பாற்றியவர். கணக்குப் போட அவருக்கு நேரம் பிடிக்கவில்லை. பையில் இருக்கும் மூன்றாவது ஆளுக்காக மகனைப் பலி கொடுக்க முடியாது. மகன் பிழைக்க வேண்டுமென்றால் இந்தத் தம்பியும் பிழைத்தாக வேண்டும். கையைத் துடைத்துக்கொண்டு துபேஜி பக்கம் திரும்பினார்.

"துபேஜி, ஒரு சின்ன விஷயம். இந்த மலையில மாவ்ஷுன்கிற பேரு மரத்து இலை மாதிரி. எங்க பார்த்தாலும் இருக்கும். பேரு ஒண்ணா இருக்கிறதுனால சொந்தம்னு நினைச்சுடாதீங்க."

"ஆனால் தம்பி என்றீர்களே? ஐந்தாறு முறை சொன்னீர்கள்."

"அது மரியாதைக்கு. உங்க ஊர்ல ஆட்டோக்காரரைக் கூட 'பாயி'ன்னு கூப்பிடுறதில்லையா?"

துபேஜி யோசித்தார். அவரும் கூப்பிடுவதுண்டு. "அப்படியானால் உறுதியாக உறவு இல்லை?"

"இல்லவே இல்லை" என்றார் கிர்ஷான். "இவன் யாரோ, நான் யாரோ."

துபேஜி சட்டைப் பையிலிருந்து பட்டியலை எடுத்து, அடித்த பெயரை மறுபடி தெளிவாக எழுதினார். ஒரு திறமைசாலிக்கு அநியாயம் நடக்க இருந்தது, நல்லவேளை தடுத்துவிட்டோம் என்ற நிறைவோடு இன்னொரு உருளைக்கிழங்கு கேட்டார்.

தாஃபி கொண்டுவரவில்லை. சமையலறை வாசலில் அப்படியே நின்றாள். கிர்ஷான் ஒன்றை மறந்துவிட்டார். பாக்கு வாங்க வரும் வெளியூர் வியாபாரிகளோடு இத்தனை வருடம் பேரம் பேசிய தாஃபிக்கு, அந்த வீட்டில் எல்லாரையும்விட நல்ல இந்தி வரும்.

மறுநாள் ராஜ்பவனில் மேபானும் பான்ஷாயும் அடுத்தடுத்து நின்று பதவியேற்றார்கள். பதவியேற்பு என்பது பாதிக் கல்யாணம்தான். மந்திரியாகிறேன் என்றுதான் சத்தியம் செய்கிறார்கள். எதற்கு மந்திரி என்று அப்போது தெரியாது. இலாகாப் பட்டியலை முதலமைச்சர் பிறகு ஆளுநருக்கு அனுப்புவார். யாருக்கும் கொடுக்காத இலாகா எல்லாம் முதலமைச்சரிடமே தங்கிவிடும். பேரத்தில் தோற்ற முதலமைச்சர் பழி தீர்த்துக்கொள்வது அந்த இடைவெளியில்தான். கிர்ஷான், பான்ஷாய்க்கு அச்சகமும் எழுதுபொருளும், தராசு எடைக்கல் சோதனையும் ஒதுக்கினார். பொதுப்பணி, அதாவது ரோடுகள், வழக்கம்போல அவரிடமே.

பட்டியல் அனுப்புவதற்கு முன் தாஃபியிடமிருந்து ஆள் வந்தது. சாயங்கால டீக்கு வரச் சொல்லி. பான்ஷாய்க்கும் அதே அழைப்பு.

கிர்ஷான் வந்து பார்த்தால், கூடத்தில் குல வழக்குக்குத் தீர்ப்புச் சொல்கிற இரண்டு தாய்மாமன்கள் பாக்கு மென்றபடி உட்கார்ந்திருந்தார்கள். டீ இருந்தது. தொட்டுக்கொள்ள அரிசி ரொட்டி இல்லை. நிலைமை மோசம் என்று அதிலேயே தெரிந்தது.

"அண்ணே" என்றாள் தாஃபி, "இவர் உங்களுக்குத் தம்பியா இல்லையா?"

"தம்பிதான். அதுல என்ன சந்தேகம்?"

"'இவன் யாரோ, நான் யாரோ'ன்னது யாரு?"

"அது டெல்லிக்காரனுக்குச் சொன்னது, தாஃபி. அரசியல்."

"என் வீட்டுச் சோத்துத் தட்டுக்கு முன்னாடி சொன்னீங்க. குலத்து வீட்ல உக்காந்துக்கிட்டு குலத்தையே இல்லேன்னீங்க."

"நான் அப்படிச் சொன்னதாலதான் இவன் மந்திரியே ஆனான்! கேளு இவனை!"

"கேக்கத்தான் கூப்பிட்டிருக்கேன். பான்ஷாய், நீங்க இவரை அண்ணன் இல்லேன்னு எங்கயாவது சொன்னீங்களா?"

"ஒரு இடத்துலயும் இல்ல, கோங்" என்றார் பான்ஷாய், உலகத்திலேயே சாதுவான குரலில். 'கோங்' என்றால் அக்கா. "அவர் பையனைக் கூட மகனேன்னுதான் கூப்பிட்டேன்."

"வாயை மூடுடா" என்றார் கிர்ஷான்.

பெரிய மாமா பாக்குச் சாற்றைத் துப்பிவிட்டு வந்து உட்கார்ந்தார். "தம்பி இல்லேன்னு சொன்னவன் தம்பிதான்னு காட்டித்தான் தீர்க்கணும். வாயால சொன்னதை வாயால தீர்த்தா ஒட்டாது. கையால தீர்க்கணும். உங்கிட்ட இருக்கிறதுல எது பெருசு?"

கிர்ஷான் கூரையைப் பார்த்தார்.

"ரோடு" என்று சின்ன மாமா எடுத்துக் கொடுத்தார்.

"மாமா! டெல்லி, சொந்தக்காரனுக்கு ஒண்ணும் குடுக்காதேங்குது. நீங்க சொந்தக்காரனுக்குத்தான் குடுக்கணும்ங்கிறீங்க. நான் எந்த வீட்டுச் சோத்தைத் திங்கிறது?"

"இனிமே துபேஜி வீட்லயே தின்னுங்க" என்றாள் தாஃபி. "உருளைக்கிழங்கு நல்லாத்தான் வேகவைப்பாங்க."

முதலமைச்சர் பேனாவைக் கேட்டு வாங்கினார். அச்சகமும் தராசும் மேபானுக்குப் போயின. பொதுப்பணி பான்ஷாய்க்கு. அதன் பிறகுதான் அரிசி ரொட்டி வந்தது.

துபேஜி விமானம் ஏறுவதற்கு முன் பத்திரிகைக்காரர்களிடம், நாட்டிலேயே குடும்ப வாடை இல்லாத மந்திரி சபை இதுதான் என்று சொல்லிவிட்டுப் போனார். அந்தச் செய்தி அச்சாகி வந்த காலையில் பான்ஷாய் ஜன்னல் திரையை விலக்கினார். கேட்டுக்கு வெளியே தூறலில் ஒரு குடைக்கூட்டம். சரிவு முடியும்வரை வரிசை நீண்டிருந்தது.

"யாரு இவங்கல்லாம்?"

"உங்க அண்ணன் தம்பிங்க" என்றாள் அய்தா. "எல்லாரும் மாவ்ஷுன். எல்லாருக்கும் ரோடு காண்ட்ராக்ட் வேணுமாம். டீ நீங்களே போட்டுக் குடுங்க. இது என் வீடு, உங்க குலத்துக்கு நான் ஊத்த முடியாது."

பான்ஷாய் படியில் இறங்கி நின்றார். முன்னால் நின்ற பெரியவர், வெற்றிலைச் சிவப்பில் வாய் நிறையச் சிரித்தார். "தம்பி! நம்ம குலத்துக்கு இப்பத்தான் நல்ல காலம். தெற்குச் சரிவு ரோட்டை எங்கிட்ட குடு. உனக்காக நான் போட்டுத் தர்றேன்."

பான்ஷாய்க்கு அந்த ரோடு கண்ணுக்குள் வந்தது. இந்த அண்ணன் போட்டால் முதல் மழைக்கே கரைந்து ஓடும். அதில் மறித்து நிற்கப் போகிற பெண்களும் கண்ணுக்குள் வந்தார்கள். இல்லை என்று சொல்லவும் முடியாது. ஒரு நிமிடம் தாடையைத் தடவினார். பிறகு கேட்டை அகலத் திறந்தார்.

"வாங்கண்ணே, எல்லாரும் வாங்க. கண்டிப்பா காண்ட்ராக்ட் தர்றேன். ஒரே ஒரு சட்டம் இருக்கு, டெல்லிச் சட்டம். மந்திரிக்குச் சொந்தக்காரனுக்குத் தரக் கூடாதாம். அதனால ஒவ்வொருத்தரா முன்னாடி வந்து, 'பான்ஷாய் எனக்குச் சொந்தமில்ல, அவன் யாரோ நான் யாரோ'ன்னு எல்லாருக்கும் கேக்கிற மாதிரி சொல்லிட்டா போதும். உடனே கையெழுத்து."

குடைகள் அசையவில்லை. பெரியவர் வாயைத் திறந்தார். பின்னால் நிற்கிற அண்ணன் தம்பிகளைத் திரும்பிப் பார்த்தார். வாயை மூடிக்கொண்டார்.

"யாராவது?" என்றார் பான்ஷாய் பிரியமாக.

தூறல் வலுத்தது.

"அப்ப டீயாவது குடிச்சிட்டுப் போங்க" என்று உள்ளே திரும்பினார். "அய்தா, பால் இருக்கா?"

"பால் எதுக்கு? சொந்தக்காரங்கதானே" என்றாள் அவள். "கட்டன் டீ போதும்."